கட் சொன்ன பிறகு

குருநகரில் மூடிக்கிடந்த ஐஸ் கொம்பனிக்குள்
ப்ளைவுட்டால் எனக்கொரு அறை கட்டினார்கள்.
நீளம் ஏழடி என்றேன். அகலம் நாலு.
நிருத்திகா கொப்பியில் எழுதினாள்.
"அங்கிள், வடிவா ஞாபகமிருக்கோ?"
பாதத்தால் அளந்தது, பிள்ளை.
மறக்கிறதுக்கு அதென்ன பதின்மூண்டாம் வாய்ப்பாடா?

சுவரின் நிறம் கேட்டாள்.
அதுதான் தெரியவில்லை.
மூன்று வருஷமும் ஏழு மாதமும்
வேறெதையும் பார்க்காமல் பார்த்த சுவர்.
பச்சை என்று வைப்பம் என்றேன்.
வாளியில் மிஞ்சிக் கிடந்த பெயின்ற் நீலம்.
நீலமே அடித்தார்கள்.
ஒரு நாள் போக, அது நீலமாய்த்தான் இருந்ததென்று
நானும் நம்பத் தொடங்கினேன்.

யூட் றெஜினோல்ட்தான் காவலாளி.
பாசையூரில் இறால் நிறுப்பவன்,
நல்ல தோள், நல்ல மீசை,
சிங்களம் ஒரு சொல் தெரியாது.
நான்தான் பழக்கினேன்.
நகிடபன். எழும்படா.
வாடி வெயங். இரடா.
அப்பிடியில்லை யூட், சொல்லை உதட்டில் வைக்காதை,
துப்பு.
நாய்க்குச் சொல்லுற மாதிரியோ அண்ணை?
இல்லையடா, நாயிட்ட நீ இன்னும் பட்சமாய்க் கதைப்பாய்.
இரண்டு பின்னேரம்,
பிளேன்ரீயும் வாய்ப்பனும் வாங்கிக் கொடுத்து
என்னை வெருட்ட ஓர் ஆளை
நானே உண்டாக்கினேன்.

அறைக்கு மூன்று சுவர்கள்தான்.
நாலாவது இருக்கவேண்டிய இடத்தில்
கமெரா, குடை போட்ட லைற்,
வயர்கள், தண்ணிப் போத்தல்,
அரைவாசி தின்ற ரோல்ஸ்,
கொட்டாவி விடுகிற ஒரு பொடியன்.
அதற்கப்பால் திறந்த பெரிய கதவு.
அதற்கப்பால் கடல்.

ஒரு காட்சி. நான் சும்மா இருக்கவேண்டும்.
இருந்தேன்.
கட் என்றாள் நிருத்திகா.
பொடியன் லைற்றை அணைத்தான்.
யாரோ ஃபோனில் சிரித்தார்கள்.
சோற்றுப் பார்சல் வந்த மணம் வந்தது.
"அங்கிள் வாங்கோ, சாப்பிடுவம்."

முன்னால் சுவர் இல்லை.
மூன்று எட்டு வைத்தால் கடற்காற்று.
நான்
பக்கத்தில் இருந்த ப்ளைவுட் கதவைப் பார்த்தபடி
இருந்தேன்.

யூட்டுக்குத்தான் முதலில் விளங்கியது.
கையில் பிசைந்த சோற்றோடு சுற்றி வந்து
வெளிப்பக்கக் கொளுக்கியை எடுத்து
கதவைத் திறந்தான்.
நான் எழும்பி அதால் வந்தேன்.
ஒருவரும் ஒன்றும் சொல்லவில்லை.
மீன்குழம்பு நல்ல உறைப்பு.

படத்தைக் காட்டியது
பிரவுண் வீதியில் ஒரு ரியூசன் கொட்டிலில்.
கரும்பலகையை மூடி வெள்ளைச் சீலை.
ஓரத்தில் அழிக்காத சமன்பாடொன்று
என் தோள்வரை வந்து நின்றது.
அறுபது பேர் இருக்கும்.
கமெராவை அவள் அன்று நிறுத்தவில்லை என்பது
அங்கேதான் எனக்குத் தெரிந்தது.
லைற் அணைந்த நீல இருட்டில்
திறந்து கிடக்கும் அறையொன்றில்
ஒரு கிழட்டு முட்டாள் நாலு நிமிஷம்
கதவைப் பார்த்தபடி.

என்ன நடிப்பு என்றார்கள்.
ஒரு மாஸ்ரர் கையைப் பிடித்து, விடாமல் அழுதார்.
பின்வரிசையில் ஒருத்தர்
எந்த முகாம் என்று கேட்டார்,
பதிலுக்கு நிற்காமல் சைக்கிளை எடுத்தார்.

மனோரஞ்சி ஒன்றும் பேசவில்லை.
கோண்டாவில் வரை
ஓட்டோவில் வெளியே பார்த்தபடி வந்தாள்.
பதினொரு வருஷமாய்
படலையை அவள்தான் திறப்பாள்.
கடைக் கதவை, பஸ் கதவை,
கல்யாண மண்டபத்துக் கண்ணாடிக் கதவை.
மோட்டர் சுற்றிச் சுற்றிக் கை நோகிறது என்று
நான் சொல்லி வைத்திருந்தேன்.

இறங்கினோம்.
ஓட்டோ திரும்பிப் போனது.
அவள் கைப்பையைத் துழாவி
சாவியை எடுத்தாள்.
பூட்டைப் பார்த்தாள்.
பிறகு என் உள்ளங்கையை விரித்து
அதில் வைத்தாள்.

நுளம்பு கடித்தது.
இரண்டு பேரும் நின்றோம்.